சிவப்பு நூல் முடிச்சு

ஆடி 4, திங்கள்

மேல்காற்று. கடை முழுக்கத் தூசி.

வெட்கக்கேட்டை முதலில் எழுதிவிடுகிறேன். நாளைக்கு என்றால் மனம் மாறிவிடும். இன்று காலை கன்னத்தோடு சேர்த்துத் தலையில் துண்டைக் கட்டி, பல்வலிக்காரன் வேஷம் போட்டுக்கொண்டு, கிருமாம்பாக்கம் வரை நடந்து போய், என் சொந்தப் பெண்டாட்டியின் கடையில் ஒரு துண்டு வாங்கி வந்தேன். வயது நாற்பத்தெட்டு. தொழில், பாகூரில் ஜவுளி வியாபாரம். கடையில் துண்டுக்குப் பஞ்சமில்லை.

அலமேலு என்னை விட்டுத் தன் தம்பி வீட்டுக்குப் போய் இரண்டு மாதம் ஆகிறது. தம்பி தணிகாசலம் சும்மா சோறு போடுகிற ஆளா? கடலூர் ரோட்டில் பஸ் நிற்கிற இடத்தில் கீற்றுக் கொட்டகை போட்டு அவளை உட்கார வைத்துவிட்டான். சரக்கு நான் விற்கிற அதே சரக்கு. ஆலையில் கழித்த துணி, கப்பலில் நனைந்த மூட்டை, விளிம்பு உதிர்ந்த பீங்கான் தட்டு, நசுங்கின செம்பு. பட்டணத்துக் கடை விலையில் பாதி. இருபது வருஷமாக இந்த வட்டாரத்தில் இந்த வியாபாரத்துக்கு நான் ஒருத்தன்தான். இப்போது இரண்டு கடை. இரண்டும் ஒரே குடும்பம்.

அவளிடம் இருப்பது, என்னிடம் இல்லாதது: சிவப்பு நூல். பழுது எங்கேயோ அங்கே ஒரு முடிச்சு. இழை விட்ட இடம், எண்ணெய்க் கறை, எலி கடித்தது, எதுவானாலும் முடிச்சு. செம்பானால் கழுத்தில் நூல். வாங்குகிறவன் முதலில் பழுதைப் பார்க்க வேண்டும், பிறகு விலையைக் கேட்க வேண்டும். இந்த வழக்கத்தை எங்கள் கடையில் ஆரம்பித்தவள் அவள்தான். ஊரில் "முடிச்சுக் கடை" என்று பெயர். பெயரும் அவளோடு கிளம்பிப் போய்விட்டது. என் கடையை இப்போது "ஓட்டைக் கடை" என்கிறார்கள்.

போனேனா. கூட்டமான கூட்டம். கடலூர்ப் பக்கத்து ஜனங்கள்கூட பிரெஞ்சு எல்லை தாண்டி வந்து மொய்க்கிறார்கள். உள்ளே ஒரு பெண் முதுகு காட்டி உட்கார்ந்து முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள். மச்சான் ஆள் வைத்திருக்கிறான் போல.

அலமேலு நிமிர்ந்து பார்த்தாள்.

"இன்னா வேணும் அண்ணே?"

அண்ணே! இருபத்திரண்டு வருஷம் குடித்தனம் பண்ணினவள்.

"ம்ம்" என்று துண்டுக் குவியலைக் காட்டினேன்.

"பல்லு வலியா அண்ணே? முகமே வீங்கிக்கீதே." (வீங்கவில்லை. என் முகமே அவ்வளவுதான்.) "இந்தாங்க, கிராம்பு. கடிச்சிக்குங்க. துண்டுல இந்த ஓரம் இழ விட்டுருக்கு, முடிச்சு போட்டுருக்கன், பாத்துக்கினீங்களா?"

தலையை ஆட்டினேன். காசைக் கொடுத்தேன். என் குரல் எப்படி இருக்கும் என்றுகூட அவள் யோசிக்கவில்லை. மற்ற எல்லாருக்கும் சிரிக்கிற அதே சிரிப்பு.

திரும்பி வரும்போது வழியெல்லாம் கிராம்பு காரம். கண்ணில் நீர் வந்தது அதனால்தான் என்று எழுதிவைக்கிறேன்.

ஆடி 5, செவ்வாய்

போணி: ஒரு சட்டிமூடி. அதுவும் கடன் கேட்டார்கள்.

ஆலைக் கழிவு நீலத் துணி நாலு கட்டு மிச்சம். ஆப்பிரிக்காவுக்குப் போக வேண்டியது, சாயம் சரியில்லை என்று ஆலைக்காரன் தள்ளிவிட்டான். நான் மலிவு என்று அள்ளிக்கொண்டு வந்தேன். போன மாதம் வாங்கிக் கட்டியவர்கள் எல்லாம் வயலிலிருந்து நீல முழங்காலோடு வருகிறார்கள். தூரத்தில் வரும்போதே என் வாடிக்கைக்காரன் யார் என்று கண்டுபிடித்துவிடலாம். என்னைக் கண்டதும் அவர்கள் வேறு தெருவில் திரும்புகிறார்கள். அதிலும் முழங்கால் தெரிகிறது.

ஊர்த் தலைவர் கொம்மின் மேர் வீட்டு அம்மா எப்போதும் பின்வாசல் வழியாக வந்து விளிம்பு உதிர்ந்த தட்டு வாங்குவார். விருந்தில் பிரெஞ்சுக்காரர்களுக்கு அதில்தான் போடுகிறார், உதிர்ந்த பக்கத்தைத் தன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு. இந்த வாரம் வரவில்லை. விசாரித்தேன். கிருமாம்பாக்கத்துக்கு வண்டி கட்டிப் போனாராம். முன்வாசல் வழியாக!

தாவூது பாய் மத்தியானம் வந்தார். பாத்திரம் மொத்தமாகக் கொண்டுவந்து எனக்கும் அவளுக்கும் போடுகிறவர். இரண்டு கடைக்கும் நடுவில் தபால்காரர் மாதிரி. வந்ததிலிருந்து சிரித்துக்கொண்டே இருந்தார்.

"இன்னா பாய்?"

"ஒண்ணுமில்ல. பல்லு எப்படிக்கீது?"

நான் நீலத் துணியை மடிக்க ஆரம்பித்தேன்.

"எடது பக்கம் கட்டுப் போட்டுக்கினு போனியாமே. எடது பக்கம் உனக்குப் பல்லே இல்லியாமே. புடுங்கும்போது ஒன் தலயப் புடிச்சிக்கினு நின்னதே அந்தம்மாதானாம்."

அடக் கடவுளே. மூன்று பல்லும் ஒரே உட்காரலில் பிடுங்கியது. நான் போட்ட கூச்சலில் எதிர்வீட்டு மாடு அறுத்துக்கொண்டு ஓடியது. அவள்தான் பிடித்துக்கொண்டிருந்தாள். எப்படி மறந்தேன்?

அப்படியானால் நேற்று தெரிந்துதான் கிராம்பு கொடுத்தாள். தெரிந்துதான் அண்ணே என்றாள். தெரியாமல் சொல்லியிருந்தால் பாதி வலிதான்.

ஆடி 7, வியாழன்

புழுக்கம். மழை வருவது போல் போக்குக் காட்டிவிட்டுக் கடலுக்குப் போய்விட்டது.

நானும் முடிச்சுப் போட ஆரம்பித்துவிட்டேன். சிவப்பு நூல் ஒரு கண்டு வாங்கி, நேற்று முழுக்க உட்கார்ந்து ஐம்பது வேட்டி பார்த்தேன். நிமிர்ந்தபோது கழுத்து திரும்பவில்லை. கோழி மாதிரி முழு உடம்போடு திரும்ப வேண்டியிருந்தது.

இன்று காலை குருவிநத்தத்து விவசாயி ஒருத்தர், நேற்று சாயங்காலம் வாங்கினவர், வேட்டியைக் கொண்டுவந்து என் மேஜையில் விரித்தார்.

"இன்னாய்யா முடிச்சு இது? முடிச்சு போட்ட எடமெல்லாம் கல்லு மாதிரிக்கீது. முடிச்சில்லாத எடத்துல பாரு, என் கையே பூந்து அந்தாண்ட வருது!"

உண்மையாகவே விட்டுக் காட்டினார். அந்தக் கையால் எனக்கு ஒரு கும்பிடும் போட்டார். கடையில் இருந்த இரண்டு பேரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், வேறென்ன செய்ய. பிறகு அந்த இரண்டு பேரும் கிளம்பிவிட்டார்கள்.

எனக்குப் பழுது தெரியாது. இருபது வருஷமும் தெரியாது. வெளிச்சத்துக்கு நேரே துணியைப் பிடித்து, விரல் நுனியை ஓட்டிக்கொண்டே போவாள், "இந்தா" என்று நிற்பாள். நான் பக்கத்தில் நின்று "ஆமாம் ஆமாம், நானும் பார்த்தேன்" என்பேன். ஊரில் எனக்குக் கழுகுக் கண் என்று பேச்சு. கழுகு கி.பாக்கத்தில் இருக்கிறது.

ஆடி 9, சனி

இன்று ஏலம். போகவில்லை. கப்பல்துறையில் நனைந்த மூட்டை இருபது வந்ததாம். தணிகாசலம் அள்ளிவிட்டானாம். அவன் பின்னால் நின்று எதை எடுக்கலாம் எதை எடுக்கக் கூடாது என்று அலமேலு சொல்லிக்கொடுத்தாளாம். பட்டணத்துத் தரகர்கள் எல்லாம் வாயைப் பிளந்தார்களாம்.

நனைந்த மூட்டை என்றதும் அந்தக் கதையை எழுதித்தான் ஆக வேண்டும். இரண்டு மாதமாகத் தள்ளிப்போடுகிறேன்.

மாசியில் ஒரு மூட்டையில் பட்டு வந்தது. கடல் தண்ணீர் பட்டது. சாயம் பளபளவென்று அப்படியே இருந்தது. அரக்குச் சிவப்பு, மாம்பழக் கரை. அ. மடிப்பைத் தடவிப் பார்த்தாள். "மடிப்புல உசுரு இல்ல. உப்பு தின்னுருச்சி. இத சுபத்துக்குக் குடுக்காத, தலகாணி உறைக்குப் போடு" என்றாள். மடிப்புக்கு ஒன்றாக இரண்டு முடிச்சு போட்டு அடியில் வைத்தாள்.

வைகாசியில் ஏம்பலத்துக் கல்யாணம். மாப்பிள்ளை வீட்டார் நல்ல நிலபுலன், கரும்பு. கூறைக்குப் பணத்தை என்னிடமே கொடுத்தார்கள். "நீங்கதான் ஜவுளிக்காரராச்சே, நீங்களே நல்லதா எடுத்துருங்க." முழுப் பணம். ஒரு காசு பேரம் இல்லை.

முழு விலை கொடுத்து ஒரு பொருளை வாங்கினால் எனக்கு ஜுரம் வரும். பட்டணத்துக்குப் போனேன், பெரிய கடை வாசல் வரைக்கும் போனேன், விலை கேட்டேன், திரும்பி வந்தேன். அ. இல்லாத நேரம் பார்த்து அடியிலிருந்து அந்தப் பட்டை எடுத்தேன். இரண்டு முடிச்சையும் பல்லால் அவிழ்த்தேன். (பல் இருக்கிற பக்கத்தால்.) பெட்டி போட்டுத் தேய்த்தேன். பெரிய கடையின் அட்டைப்பெட்டி ஒன்று கழிவோடு வந்தது இருந்தது, அதில் வைத்து மூடினேன். என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டு அன்றைக்கு இரண்டு தரம் காபி குடித்தேன்.

மிச்சம் நாளைக்கு.

ஆடி 10, ஞாயிறு

கடை இல்லை. தூங்கவும் இல்லை.

பந்தலில் நான் முன்னால்தான் நின்றேன். பெண் மணையில் உட்காரக் குனிந்தாள். நாதஸ்வரக்காரர் மூச்சு வாங்குகிற இடைவெளி. சர்ரென்று ஒரு சத்தம். மேளம் அடித்திருந்தால் யாருக்கும் கேட்டிருக்காது. இடுப்பிலிருந்து கீழே, மடிப்போடு மடிப்பாக, கத்தி வைத்துக் கிழித்த மாதிரி. எழுந்து நின்றாள், இன்னொரு மடிப்பும் போயிற்று.

மாமியார்க்காரி சொன்னது இன்றைக்கும் காதில் இருக்கிறது. "கழிச்ச துணியக் கட்டிக்கினு எங்க வூட்டுக்கு வராடி இவ."

யாரோ ஒரு சால்வையைப் போர்த்தினார்கள். யாரோ ஓடிப்போய், கட்டிப் பழகின புடவை ஒன்றைக் கொண்டுவந்தார்கள். தாலி கட்டியது அதில்தான். அந்தப் பெண் அழவில்லை. என்னைப் பார்த்தாள். ஒருதரம்தான். அதற்குப் பிறகு பார்க்கவே இல்லை.

அ. கிழிந்த பட்டை வாங்கி மடிப்பில் விரலை ஓட்டினாள். முடிச்சு இருந்த இடத்தில் இரண்டு சின்னத் துளை. அதை என்னிடம் காட்டினாள். அவ்வளவுதான். பந்தி முடிந்ததும் ஏம்பலத்திலிருந்து நேரே தம்பி வண்டியில் ஏறிவிட்டாள்.

நான் ஒருமுறை கூப்பிடப் போனேன். வாசலோடு பேசி அனுப்பினாள். "அந்தப் பொண்ணு ஒன் கையால குடுத்தத ஒருநாளு கட்டட்டும். அப்புறம் வரன்."

ஆடி 11, திங்கள்

பட்டணம் போய் வந்தேன். பட்டு எடுத்தேன். முழு விலை.

நடந்தது நடந்தபடி: பெரிய கடை. மெத்தையில் உட்கார வைத்தார்கள். ஒன்று விரித்தான். பழக்க தோஷம், "பழுது எங்க இருக்கு?" என்று கேட்டுவிட்டேன்.

"பழுதா? முசியே, இது இன்னா கடைன்னு நெனச்சிக்கினு வந்தீங்க?"

பக்கத்தில் இருந்த இரண்டு செட்டியார்கள் நகர்ந்து உட்கார்ந்தார்கள். அதே அரக்குச் சிவப்பு, அதே மாதிரிக் கரை. விலையைச் சொன்னான். வாயைத் திறந்தேன், மூடினேன். பணத்தை எடுத்துக் கொடுத்தேன். அவன் ஜுரமா என்று கேட்டான். ஆமாம் என்றேன்.

18ஆம் தேதி பெருக்கு. புதிதாகக் கல்யாணமானதுகள் எல்லாம் ஆற்றங்கரையில் தாலிக்கயிறு மாற்றுகிற நாள். அன்றைக்கு இதைக் கட்டினால் போதும். எனக்கு வேறு எதுவும் வேண்டாம்.

செய்ய வேண்டியவை:
தாவூது பாயிடம் கொடுத்து ஏம்பலம் அனுப்ப.
மேலே ஒரு வரி எழுத. (என்ன எழுத?)
அ. வந்தால் படுக்க அவள் கோரைப்பாய், எலி கடித்திருக்கிறது, மாற்ற.
கடை பெருக்க.

ஆடி 14, வியாழன்

தூறல். பிறகு இல்லை.

பாய் திரும்பி வந்தார். அட்டைப்பெட்டியோடு.

"மாமியாக்காரி வாசல்லயே நிறுத்திட்டா. 'அந்தக் கடக்காரரு குடுத்ததா? பெட்டிய நம்பி ஒருக்க ஏமாந்தது போதும்'னா. பொண்ணு அங்க இல்ல. ஆடிக்கு ஆத்தா வூட்டுக்குப் போயிருக்காம்."

"ம்."

"ஆத்தா வூடு எங்கன்னு நான் சொல்லணுமா?"

"வேணாம் பாய்."

"வேஷம் கீஷம் போடாம போ. மூஞ்சியோட போ."

பெட்டியை மேஜை மேல் வைத்திருக்கிறேன். இரண்டு தரம் திறந்து பார்த்தேன். நல்ல பட்டு. வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். எனக்கு என்ன தெரியும், வெளிச்சம்தான் தெரிந்தது.

ஆடி 17, ஞாயிறு

போனேன். மூஞ்சியோடு.

பெருக்குக்கு முந்தின நாள், எள் விழ இடமில்லை கடையில். சரக்கை அவள் அடுக்கி வைத்திருக்கிற அழகே அழகு. புடவை ஒரு பக்கம், துண்டுத் துணி ஒரு பக்கம், தட்டுகள் உதிர்ந்த பக்கம் முன்னால் தெரிய. எங்கே பார்த்தாலும் சிவப்பு நூல். ஜனங்கள் முடிச்சைத் தேடித் தேடிப் பார்த்து, "இவ்ளோதானா, இது ஒண்ணும் பண்ணாது" என்று சந்தோஷமாக வாங்குகிறார்கள். என் கடையில் சந்தோஷமாக யாராவது வாங்கியதுண்டா என்று யோசித்தேன்.

தணிகாசலம் என்னைப் பார்த்துவிட்டு, "வாங்க மாமா, பல்லு தேவலையா?" என்றான். பெட்டியை அ. முன்னால் வைத்தேன்.

"ஏம்பலத்துக்கு" என்றேன்.

அண்ணே என்பாள் என்று எதிர்பார்த்தேன். புடவையை எடுத்து வாசல் வெளிச்சத்துக்குப் போனாள். விரித்தாள். விரல் நுனி ஓடியது. ஓடியது. முந்தானைக்கு இரண்டு சாண் இந்தப் பக்கம் நின்றது.

"இந்தா."

நான் குனிந்து பார்த்தேன். எனக்குத் தெரியவில்லை. விரலைப் பிடித்து அங்கே வைத்தாள். ஒரே ஒரு இழை, விட்டுப்போய் இருந்தது. நகத்தில் தட்டியது.

"முழு வெலையா குடுத்த?"

"ஆமா. முழுசா."

"பேரமே பேசல?"

"பேசல."

சிரித்துவிட்டாள். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்க. இரண்டு மாதத்தில் முதல் தரம். நானும் சிரித்தேன். ஒரு நிமிஷம் எங்கள் பழைய கடை மாதிரி இருந்தது. அப்போதே கோரைப்பாயைப் பற்றி நினைத்தேன், புதுப் பாய் வாங்கியாயிற்று, சொல்லலாமா என்று.

அவள் காதோரம் செருகி வைத்திருந்த சிவப்பு நூலை எடுத்து அந்த இடத்தில் முடிச்சுப் போட்டாள். பிறகு உள்ளே திரும்பிக் கேட்டாள்: "இத இன்னாடி பண்றது?"

உள்ளே முதுகு காட்டி உட்கார்ந்திருந்தவள் திரும்பவே இல்லை. கையில் ஒரு வேட்டி, முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள்.

"பழுது இருக்குதில்ல? வெல கொறச்சி மாட்டும்மா."

மாட்டினாள். என் கண் முன்னால், கம்பில், முந்தானை தெரிய. அரக்குச் சிவப்பு பட்டு, முக்கால் விலை. அலமேலு சிரிப்பதை நிறுத்தியிருந்தாள்.

"வண்டி இருக்குது, ஏறிப் போ. வெயிலா கீது" என்றாள். வெயில் இல்லை. மேகம்.

ஆடி 18, திங்கள்

குருவிநத்தத்து ஆற்றங்கரை. தென்பெண்ணையில் தண்ணீர் முழங்காலுக்கு. எங்கே பார்த்தாலும் என் நீலத் துணிக்காரர்கள், ஆற்றில் இறங்கி ஆற்றையும் நீலம் ஆக்கிக்கொண்டிருந்தார்கள். நான் பாயின் வண்டிக்குப் பின்னால் நின்று பார்த்தேன். ஒளியவில்லை. சும்மா வண்டி நிழலில்.

பட்டைப் பார்த்தேன். தூரத்திலேயே தெரிந்தது, அரக்குச் சிவப்பு. கிட்ட வந்ததும் பார்த்தால் யார் வீட்டுப் பெண்ணோ. கி.பாக்கத்துப் புதுப்பெண், மஞ்சள் பூசின முகம். முந்தானையில் சிவப்பு முடிச்சை அவிழ்க்காமலே விட்டிருந்தாள். கூட வந்தவள் ஒருத்தியிடம் முடிச்சைக் காட்டி, "இது ஒண்ணுதான், பாரு, பட்டணத்துல இன்னா வெல இது!" என்று பெருமை அடித்துக்கொண்டிருந்தாள். குனிந்தாள், தண்ணீரைத் தொட்டாள், எழுந்தாள். ஒன்றும் கிழியவில்லை.

சற்றுத் தள்ளி அலமேலு. பக்கத்தில், நேற்று கடையில் முதுகு காட்டி உட்கார்ந்திருந்த ஏம்பலத்துப் பெண். ஆலையில் கழித்த பருத்திப் புடவை, தோளில் ஒரு முடிச்சு, இடுப்பில் ஒரு முடிச்சு. எல்லாரும் பார்க்கிற மாதிரி. அலமேலுதான் கயிறு மாற்றிவிட்டாள். சித்ரான்னம் ஒரு உருண்டை ஆற்றில் விட்டார்கள், ஒரு உருண்டை பகிர்ந்து தின்றார்கள். பாய் என் முதுகில் தட்டி, "போய்யா" என்றார். நாலு அடி வைத்தேன். அந்தப் பெண் நிமிர்ந்தாள். நான் நின்றுவிட்டேன். ஆற்றுத் தண்ணீரைப் பார்க்கிற மாதிரி நின்றேன்.

வந்து கடை திறந்தேன். யாரும் வரவில்லை. கிராம்பு இன்னும் சட்டைப்பையில் இருக்கிறது.

எழுதாமல் விட்டது ஒன்று. ஏம்பலத்துப் பெண் பெயர் காமாட்சி. எனக்கு ஒரே மகள்.